ஆள் இல்லாத படம்

வேலிக்கு வெளியே ஒரு கேமரா – அத்தியாயம் 4

சென்ற வாரம்: சித்தியவானில் சைக்கிள் கடைக்காரர் ஒருவரின் மகனாக 1924இல் பிறந்த ஓங் பூன் ஹுவா, சின் பெங் என்ற பெயரில், மலாயா கம்யூனிஸ்ட் கட்சியின் கெரில்லாத் தலைவராகக் காட்டுக்குள் போனார். 2003இல் அவருடைய நினைவுக்குறிப்பு நூல் வெளிவந்தது. அதைப் படித்த மலேசிய இயக்குநர் அமீர் முகமது, அவரைப் பற்றிப் படம் எடுப்பதென்று முடிவு செய்தார். கையில் சின் பெங் இல்லை, அவருடைய பேட்டியும் இல்லை. பிறகு எதை எடுப்பது?

கூலாய் பட்டணத்திலிருந்து வடக்கே கெலாப்பா சாவிட் நோக்கிப் போகும் சாலையில் இன்று நீங்கள் போனால் செம்பனை, கடைவீடுகள், மறுபடியும் செம்பனை, அவ்வளவுதான் தெரியும். முள்வேலி தெரியாது. அதை எப்போதோ பிடுங்கி எடுத்துவிட்டார்கள். ஆனால் சாலேங், செனாய், கெலாப்பா சாவிட், செடெனாக் என்று இந்த வட்டாரத்துப் பழைய குடியிருப்புகளின் வீதிகளை ஒருமுறை நடந்து பாருங்கள். வீடுகள் நேர்கோட்டில் நெருக்கி நெருக்கி நிற்கும். ஒரு கிராமம் தானாக வளர்ந்தால் இப்படி வளராது. அளந்து, கயிறு பிடித்து, ஆட்களை லோரியில் கொண்டுவந்து இறக்கினால்தான் இந்த வரிசை வரும்.

அப்படி இறக்கியது, காட்டிலிருந்த கம்யூனிஸ்டுகளை மக்களிடமிருந்து பிரிக்கப் பிரிட்டிஷார் வகுத்த பிரிக்ஸ் திட்டம். 1950 ஜூன் 1ஆம் தேதி தொடங்கியபோது, அது தெற்கிலிருந்துதான், அதாவது நம் ஜொகூரிலிருந்துதான் தொடங்கியது. காட்டோரம் குடியிருந்த சீனக் குடும்பங்கள், ஏறக்குறைய ஐந்து லட்சம் பேர், நாடு முழுக்க நானூறுக்கும் மேற்பட்ட ‘கம்போங் பாரு’களுக்கு, புதுக்கிராமங்களுக்கு, மாற்றப்பட்டார்கள். நம் ஆட்கள் அதிகம் பேசாத ஒன்று உண்டு. தோட்டத்து லயங்களையும் ஒன்றாகக் கூட்டி, வேலி போட்டு, வாசலில் காவல் வைத்தார்கள். அந்த வேலிகளுக்குள் இருந்தவர்களில் பலர் தமிழர்கள்.

என் பாட்டி அப்படி ஒரு தோட்டத்தில் இருந்தவர். விடிகாலையில் பால்மரம் வெட்டப் போகும்போது வாசலில் நிறுத்திச் சோதிப்பார்களாம். சோற்றுப் போணியை வெளியே கொண்டுபோகக் கூடாது. காட்டில் இருப்பவர்களுக்குப் போய்ச் சேர்ந்துவிடும் என்று பயம். “பசியோட போயி, பசியோட வெட்டி, பசியோடதான் திரும்பி வருவோம்யா” என்பார். கடையில் டின்னில் அடைத்த மீன் வாங்கினால், கடைக்காரர் அங்கேயே அதில் ஓட்டை போட்டுத்தான் கொடுப்பார். அன்றைக்கே தின்றுவிட வேண்டும், எடுத்து வைக்க முடியாது. அரிசி அளந்துதான் கிடைத்தது. பிற்பாடு சில இடங்களில் அரிசியாகக் கொடுக்காமல், பொதுச் சமையலில் ஆக்கிச் சோறாகவே கொடுத்தார்கள்.

இதையெல்லாம் பாட்டி கோபமில்லாமல்தான் சொல்வார். ஒரு விஷயத்தைச் சொல்லும்போது மட்டும் முகம் மாறும். எப்போதாவது சாயங்காலத்தில் ஒரு வேன் வரும். திடலில் வெள்ளைத் துணி கட்டுவார்கள். படம் காட்டுவார்கள். தமிழிலேயே ஒருவர் பேசுவார்.

“என்ன படம் பாட்டி?”

“நம்மளப் பத்திதான். தோட்டம், பால் வெட்டு, ஆசுபத்திரி, பள்ளிக்கூடம். எல்லாரும் சிரிச்சிக்கிட்டே இருந்தாங்க.”

சற்று நேரம் கழித்துச் சொன்னார்: “எங்க தோட்டத்துல யாரும் அப்படிச் சிரிச்சதில்ல.”

அந்த வேனைத் தெரிந்துகொள்ளாமல் அமீர் முகமதுவின் படத்தைப் புரிந்துகொள்ள முடியாது. அதனால்தான் இந்த வாரம் சித்தியவானை விட்டுவிட்டு கூலாயில் தொடங்கினேன்.

மலாயன் ஃபிலிம் யூனிட் 1946இல் உருவானது. 1963இல் அதுவே ஃபிலெம் நெகாரா மலேசியா ஆயிற்று. இந்த நாட்டில் ஆவணப்படம் என்ற வடிவமே அரசாங்கத்தின் கையில் பிறந்து, அரசாங்கத்தின் கையிலேயே வளர்ந்தது. சுகாதாரம், மலேரியா ஒழிப்பு, புதுக்கிராமத்தின் நன்மைகள், சரணடைந்து வீடு திரும்பியவன் கதை என்று படங்கள் எடுத்தார்கள். மலாய், சீனம், தமிழ், ஆங்கிலம் எனப் பல மொழிகளில் குரல் சேர்த்து, நடமாடும் வண்டிகளில் ஏற்றி, தோட்டம் தோட்டமாக, கிராமம் கிராமமாகக் கொண்டுபோனார்கள். அந்தப் படங்களை எடுத்த கலைஞர்களைக் குறைத்துப் பேச நான் வரவில்லை. அவர்களில் நல்ல திறமைசாலிகள் இருந்தார்கள். ஆனால் அந்தப் படங்களில் பேசும் குரல் எப்போதும் மேலே இருந்தது. படத்தில் நடமாடிய மனிதர்கள் வாய் திறக்கவில்லை. அவர்களுக்காக வேறொருவர் பேசினார்.

அமீர் அந்தக் குரலை எடுத்துவிட்டார்.

2005இல் அவர் புறப்பட்டபோது கையில் இருந்தது டிஜிட்டல் வீடியோ கேமரா, சின்னஞ்சிறு குழு. ஜேம்ஸ் லீ, தான் சுய் மூய், லியூ செங் தாட் ஆகியோரோடு சேர்ந்து தொடங்கிய ‘தா ஹுவாங் பிக்சர்ஸ்’ பின்னால் இருந்தது. ஒருவர் இயக்கினால் மற்றவர் தயாரிப்பார். ஒருவர் படத்தில் இன்னொருவர் வேலை செய்வார். 2000ஆம் ஆண்டுவாக்கில் மலேசியாவில் எழுந்த சுயாதீன சினிமா அலைக்கு உயிர் கொடுத்தது இந்த மொய்விருந்து முறைதான் என்பது என் கணிப்பு. ஃபிலிம் சுருள் வாங்கிக் கழுவுவதற்கான பணம் இவர்களிடம் இருந்ததில்லை. வீடியோ வந்ததும் பணம் என்ற தடை விழுந்தது. மற்றத் தடைகள் அப்படியே நின்றன.

‘லெலாக்கி கொமுனிஸ் தெராக்கிர்’, கடைசிக் கம்யூனிஸ்ட் மனிதன் என்பதுதான் படத்தின் பெயர். படத்தை அமைத்த விதம் இது. சின் பெங் பிறந்த ஊரில் தொடங்கி, அவர் வாழ்ந்த, கடந்த ஊர்கள் வழியாகத் தாய்லாந்து எல்லைக்கு அப்பால் உள்ள பெத்தோங் வரை கேமரா போகிறது. ஒவ்வோர் ஊரிலும் அவருடைய வாழ்க்கை வரலாறு எழுத்தாகத் திரையில் வருகிறது. இந்த ஆண்டு கட்சியில் சேர்ந்தார், இந்த ஆண்டு இன்னது நடந்தது என்று, அவ்வளவே. எழுத்து மறைந்ததும் நாம் பார்ப்பது இன்றைய ஊர். பெத்தாய் விற்பவர் பெத்தாயைப் பற்றிப் பேசுகிறார். கரிச்சூளையில் வேலை செய்பவர் கரியைப் பற்றிப் பேசுகிறார். அவர்களிடம் கம்யூனிசம் பற்றிக் கேட்டு வாயைப் பிடுங்கும் வேலையே படத்தில் இல்லை.

சின் பெங்கின் முகம்? ஒரு புகைப்படம்கூடக் கிடையாது. பழைய செய்திப்படத் துண்டு ஒன்றுகூடக் கிடையாது.

முதலில் எனக்கு இது ஏமாற்றமாக இருந்தது. வரலாற்றுப் படம் என்றால் வரலாற்று மனிதர் வர வேண்டாமா? இரண்டாம் முறை பார்த்தபோதுதான் உறைத்தது. ஒரு மனிதனை நாடு முழுவதும் தேடிய பன்னிரண்டு வருடம் இருந்தது. அவன் தலைக்கு விலை வைத்து, அவன் படத்தை விமானத்திலிருந்து துண்டறிக்கையாகப் போட்டார்கள். பிறகு அவன் பெயரைச் சொன்னாலே ஊர் வாயடைத்தது. அப்படிப்பட்டவனைப் பற்றிய படத்தில் அவன் இடம் காலியாக இருப்பதுதான் உண்மைக்குப் பக்கத்தில் இருக்கிறது. காலியான அந்த இடத்தைச் சுற்றி நிற்பவர்களைத்தான் அமீர் எடுத்தார். ரப்பரும் ஈயமும் கரியும் எந்த மண்ணிலிருந்து வந்தனவோ, எந்த உழைப்பிலிருந்து ஒரு போர் கிளம்பியதோ, அந்த மண்ணும் உழைப்பும் இன்னும் அங்கேயே இருக்கின்றன. கேமரா அதைப் பார்த்துக்கொண்டே நிற்கிறது. அவசரப்படுவதில்லை.

நடுநடுவே பாட்டு. ஹர்தேஷ் சிங் இசையமைத்த பாடல்கள். சிரித்த முகத்தோடு, பளிச்சென்ற உடையில் ஒருவர் நின்று மலேரியாவைப் பற்றிப் பாடுவார், அடையாள அட்டையைப் பற்றிப் பாடுவார். பாட்டி சொன்ன வேன் ஞாபகம் வருகிறதா? அந்த வேன் கொண்டுவந்த பிரசாரப் படங்களின் சாயல்தான் அது. அந்தச் சிரிப்பைத் திருப்பி எடுத்து, ஐம்பது வருடம் கழித்து, அதே மக்கள் முன்னால் வைத்தார் அமீர்.

அடையாள அட்டைப் பாட்டைத் தமிழர்கள் கொஞ்சம் நின்று கேட்க வேண்டும். இந்த நாட்டில் பன்னிரண்டு வயதுக்கு மேற்பட்ட எல்லாருக்கும் அடையாள அட்டை என்பது 1948இல், கம்யூனிஸ்டுகளுக்கு எதிராகப் பிரிட்டிஷார் அறிவித்த அவசரகாலத்தோடு வந்தது. யார் காட்டு ஆள், யார் நாட்டு ஆள் என்று பிரிக்கத்தான் அந்த அட்டை. காட்டில் இருந்தவர்கள் ஊருக்குள் வந்தால் முதலில் அட்டைகளைப் பிடுங்கிக் கிழித்ததும் அதனால்தான். போர் முடிந்தது. அட்டை முடியவில்லை. குடிமக்களுக்கு நீல ஐ.சி., குடியுரிமை இல்லாத நிரந்தரவாசிகளுக்குச் சிவப்பு ஐ.சி. என்று அது நிறம் பிரிந்தது. பிறந்த மண்ணிலேயே சிவப்பு ஐ.சி.யோடு கிழடாகிச் செத்தவர்களை நம் தோட்டப்புறத்தில் எத்தனை பேருக்குத் தெரியும்! பிறப்புப் பத்திரம் இல்லாமல், அட்டையே இல்லாமல், பள்ளிக்கூட வாசலில் நின்ற பிள்ளைகளை நான் பார்த்திருக்கிறேன். அந்தப் பாட்டின் மெட்டு துள்ளலாக இருக்கிறது. கேட்கும்போது என் தொண்டை அடைத்தது.

2006 பிப்ரவரி. பெர்லின் திரைப்பட விழாவின் ‘ஃபோரம்’ பிரிவில் படம் முதல் தடவையாகத் திரையிடப்பட்டது. ஊருக்கு வந்த படம் மலேசியத் தணிக்கைக் குழுவுக்குப் போனது.

ஒரு வெட்டுகூட இல்லாமல் அனுமதி கிடைத்தது.

மே 18ஆம் தேதி திரையரங்கில் வெளியாகும் என்று நாளும் குறித்தாயிற்று. சின் பெங்கின் கதை மலேசியத் திரையரங்கில்! அவரே மலேசியாவுக்குள் வர முடியாத காலம் அது. 1989 டிசம்பர் 2ஆம் தேதி ஹாட்யாயில் சமாதான ஒப்பந்தம் கையெழுத்தாகி, ஆயுதங்களைக் கீழே போட்டுப் பதினாறு வருடம் ஆகியிருந்தது. ஊர் திரும்ப அனுமதி வேண்டி 2005இல்தான் அவர் நீதிமன்றப் படி ஏறியிருந்தார். இப்படிப்பட்ட நேரத்தில் அவரைப் பற்றிய படம் தணிக்கையைத் தாண்டியது.

அப்போது ஒரு நாளேடு விழித்துக்கொண்டது.

‘பெரித்தா ஹாரியா’னில் வரிசையாகக் கட்டுரைகள் வந்தன. கொலைகாரனைக் கொண்டாடும் படம் என்ற தொனியில் எதிர்ப்பு கிளம்பியது. எதிர்த்தவர்கள் படத்தைப் பார்த்திருக்க வழியே இல்லை. படம் இன்னும் வெளியாகவில்லை. போரில் அப்பனையோ அண்ணனையோ பறிகொடுத்த போலீஸ், ராணுவக் குடும்பங்களின் வேதனையை நான் சிறியதாக எண்ணவில்லை. அந்த வேதனை உண்மை. ஆனால் அவர்கள் கோபப்பட்டது திரையில் இல்லாத ஒரு படத்தின் மேல். அவர்கள் மனத்தில் ஓடிய படத்தில் சின் பெங் துப்பாக்கியோடு நின்றார். அமீரின் படத்தில் பெத்தாய் விற்றுக்கொண்டிருந்தார்கள்.

மே மாதத் தொடக்கத்தில் உள்துறை அமைச்சு படத்தைத் தடை செய்தது. வெளியாக இரண்டு வாரம்கூட இல்லை.

தணிக்கைக் குழு அனுமதித்த படத்தையும் அமைச்சர் தடுக்க 2002ஆம் ஆண்டுத் திரைப்படத் தணிக்கைச் சட்டத்தில் இடம் இருக்கிறது. தடைக்குப் பிறகு நாடாளுமன்ற உறுப்பினர்களுக்குப் படம் போட்டுக் காட்டப்பட்டது. தடை நீங்கவில்லை.

இங்கே எனக்கு ஒரு பழைய மே மாதம் நினைவுக்கு வராமல் போகாது. தஞ்சை மண்ணில் பிறந்து, மலாயாத் தொழிற்சங்கச் சம்மேளனத்தின் தலைவராக உயர்ந்த எஸ்.ஏ. கணபதி, 1949 மே 4ஆம் தேதி புடு சிறையில் தூக்கிலிடப்பட்டார். அதற்கு முந்தின நாள் இன்னொரு தொழிற்சங்கத் தலைவரான வீரசேனன் சுட்டுக் கொல்லப்பட்டார். நம் தோட்டங்களில் பிள்ளைகளுக்கு அந்தப் பெயர்களைச் சொல்லிக் கொடுத்தவர்கள் மிகக் குறைவு. பயம். பாட்டிக்குக் கணபதி பெயர் தெரியும். ஆனால் சொல்லும்போது குரலைத் தாழ்த்திக்கொள்வார், அறுபது வருடம் கழித்தும், சொந்த வீட்டு அடுக்களையிலேயே. ஒரு நாட்டில் மனிதர்களைச் சொந்த அடுக்களையில் கிசுகிசுக்க வைத்த வரலாற்றை, சத்தமாகப் பாட்டுப் பாடிச் சொல்லத் துணிந்தார் அமீர். அவர் செய்ததில் எனக்குப் பெரிதாகப் படுவது அதுதான்.

கடல் கடந்து கொஞ்சம் பார்ப்போம். அதே 2006, ஆகஸ்டு மாதம். டெல்லியில் இந்திய உச்ச நீதிமன்றம் ஒரு தீர்ப்புச் சொன்னது. ஆனந்த் பட்வர்தன் 1990களின் நடுவில் முடித்த ‘ஃபாதர், சன் அண்ட் ஹோலி வார்’ என்ற ஆவணப்படத்தைத் தூர்தர்ஷன் ஒளிபரப்பியே ஆக வேண்டும் என்பது அந்தத் தீர்ப்பு. பத்து வருடத்துக்கு மேல் இழுத்த போராட்டம். பட்வர்தனின் வழி வழக்கு. ஒவ்வொரு படத்துக்கும் நீதிமன்றம், ஒவ்வொரு படத்துக்கும் வாதம். அவர் கேமராவும் அப்படித்தான், ஊர்வலத்துக்குள் நுழைந்து, முகத்துக்கு நேராகக் கேள்வி கேட்கும்.

அமீர் சட்டம் படித்தவர், இங்கிலாந்தில். ஆனாலும் அவர் சுபாவம் வேறு. 1987 அக்டோபரில் சௌக்கிட்டில் ஒரு சிப்பாய் துப்பாக்கியோடு வெறியாடியதையும், அதே மாதம் 27இல் ‘ஓப்பராசி லாலாங்’ கைதுகள் தொடங்கியதையும் பற்றிய ‘தி பிக் டுரியான்’ படத்தை இரண்டாம் அத்தியாயத்தில் பார்த்தோம். சன்டான்ஸ் விழாவுக்குப் போன முதல் மலேசியப் படம் அது. அதில் நிஜ மனிதர்களோடு நடிகர்களையும் கலந்து பேட்டி கொடுக்க வைத்தார். யார் நிஜம், யார் நடிப்பு என்று சொல்லவில்லை. வதந்தியால் பயந்து கிடந்த ஒரு நகரத்தைப் பற்றிய படத்துக்கு அதைவிடப் பொருத்தமான வடிவம் எனக்குத் தோன்றவில்லை. அவர் மோதுவதில்லை. பக்கவாட்டில் போவார். கதவு அடைத்திருந்தால் சன்னலைப் பார்ப்பார்.

தடை வந்தபின் பலர் எதிர்பார்த்தது, அவர் அடங்கிவிடுவார் என்று. கம்யூனிஸ்ட் என்ற சொல்லைத் தொட்டதற்கே இந்தக் கதி என்றால், யார் மறுபடி தொடுவார்?

அவர் மறுபடி எல்லை தாண்டினார். இந்த முறை பெத்தோங் இல்லை. தென் தாய்லாந்தின் சுக்கிரின். அங்கே ஒரு கிராமம். அதில் வாழ்ந்தவர்கள் மலாய்க்காரர்கள், முஸ்லிம்கள், முன்னாள் கம்யூனிஸ்டுகள். 1949இல் பகாங் தெமெர்லோவில் உருவான பத்தாவது ரெஜிமெண்டின் மிச்சம். கம்யூனிஸ்ட் என்றால் சீனர் என்றே பாடப் புத்தகம் படித்து வளர்ந்த நாட்டுக்கு இவர்களைக் காட்டுவது முன்னதைவிட ஆபத்தானது. வயதாகிப்போன அந்த மனிதர்கள் தோட்டத்தையும் தொழுகையையும் பழைய காட்டு வாழ்க்கையையும் பற்றிப் பேசினார்கள். அவர்கள் பேச்சுக்கு நடுவே வானொலியில் தாய்லாந்து மொழி நாடகம் ஒன்று ஓடுகிறது. ஷேக்ஸ்பியரின் ‘தி வின்டர்ஸ் டேல்’ கதை. சந்தேகத்தால் விரட்டப்பட்டவர்கள், பல வருடம் கழித்து வீடு திரும்புவார்களா என்ற கதை.

‘அப்பா காபார் ஓராங் கம்போங்’ என்பது படத்தின் மலாய்ப் பெயர். நலமா கிராமத்தவரே என்று பொருள். 2007இல் அதுவும் பெர்லினுக்குப் போனது. அதுவும் மலேசியாவில் தடை செய்யப்பட்டது.

இரண்டு வருடத்தில் இரண்டு தடை. ஊருக்காக எடுத்த படங்களை ஊரில் காட்ட முடியவில்லை. அந்த ஆண்டே அமீர் புத்தகப் பக்கம் திரும்பி ‘மாத்தாஹாரி புக்ஸ்’ என்ற பதிப்பகத்தைத் தொடங்கினார். சினிமா அவரை விட்டதா, அவர் சினிமாவை விட்டாரா என்று நண்பர்கள் பேசிக்கொள்ளும் நிலை.

அதே 2007, நவம்பர் 25. கோலாலம்பூர்த் தெருக்களில், மலேசிய இந்தியர்களின் உரிமை கேட்டு ஹிண்ட்ராஃப் பேரணி. கண்ணீர்ப்புகை. இந்த நாடு அதுவரை கண்டிராத அளவுக்குத் தமிழ்க் குரல் அந்தத் தெருக்களில் எழுந்தது. கூலாயிலிருந்தும் பஸ் ஏறிப் போனவர்களை எனக்குத் தெரியும்.

மறு ஆண்டு. 1998இல் அன்வார் இப்ராஹிம் துணைப் பிரதமர் பதவியிலிருந்து நீக்கப்பட்டு, ‘ரிஃபோர்மாசி’ ஊர்வலங்கள் தொடங்கிப் பத்து வருடம் நிறையும் சமயம். அமீர் மறுபடி கேமராவை எடுத்தார். எந்தத் தெருக்களில் அன்று ஊர்வலம் போனதோ, அதே தெருக்களுக்கு, அதே சந்திகளுக்குப் போனார். அங்கே இப்போது நிற்பவர்களோடு, நடப்பவர்களோடு, வேலை செய்பவர்களோடு பேச்சு நடந்தது. மலாய் அரசியலின் மிகப் பெரிய கொந்தளிப்பைப் பற்றிய படம். பேட்டிகளை எந்த மொழியில் எடுப்பது? மலாயா? ஆங்கிலமா?

கேமரா ஓடத் தொடங்கியது. முதல் ஆள் வாய் திறந்தார்.

தமிழ்.

அடுத்தவரும் தமிழ். அதற்கடுத்தவரும்.

ஏன்?

(அடுத்த வாரம்: ‘மலேசியன் காட்ஸ்’)